ஒரே பைக்குள் இருந்த அப்பா

எங்கள் வீட்டுச் சுவரில் இருக்கும் அப்பா கோட்டும் டையும் போட்டிருக்கிறார். உயிரோடு இருந்த காலத்தில் அவர் கோட்டைத் தொட்டுக்கூடப் பார்த்திருக்க மாட்டார். கொக்குவிலில் வெங்காயத் தோட்டமும் மிளகாய்த் தோட்டமும் செய்த மனிதர். ஆனால் செத்தவர்களை உத்தியோகத்தர்களாக்காமல் விடுவதில்லை என்று எங்கள் ஊர் ஸ்டூடியோக்காரர்களுக்கு ஒரு பிடிவாதம். பழைய படத்திலிருந்து முகத்தையும் கழுத்தையும் சேட்டுக் கொலரையும் வெட்டியெடுப்பார்கள். தங்களிடம் இருக்கும் ஒரே கோட்டுக்குள் அதைச் செருகி, பின்னால் நீல வானத்தைப் பூசிக் கையில் தந்துவிடுவார்கள். எங்கள் ஒழுங்கையில் இன்னும் இரண்டு வீடுகளில் அதே கோட்டு தொங்குகிறது. முகங்கள்தான் வேறு.

அம்மாவுக்குக் கோட்டில் குறையில்லை. கொலரில்தான் குறை. இடப்பக்கக் கொலரின் ஓரத்தில் மண்ணிறமாக ஒரு கறை இருந்தது.

"கழுவாத சேட்டைப் போட்டுக்கொண்டு நிக்கிற மாதிரிக் கிடக்கு. திருப்பிக் கொண்டுபோய்க் குடுத்து உதை அழிப்பிச்சுக்கொண்டு வா, பிள்ளை" என்று விளக்கு வைக்கும்போதெல்லாம் சொல்லுவார்.

"ஓம், பிறகு பாப்பம்" என்பேன். போகவில்லை. அந்தச் சுவர்ப்படத்தை நான் ஒரு பொருட்டாகவே மதித்ததில்லை. உண்மையான படம், ஸ்டூடியோக்காரர் முகத்தை வெட்டியெடுத்த படம், கொம்பியூட்டரில் இருந்தது.

உண்மையான படத்தில் அப்பா வெள்ளைச் சேட்டும் வேட்டியுமாக ஒரு பிளாஸ்டிக் கதிரையின் நுனியில் இருக்கிறார். அம்மாவின் தங்கையான சின்னம்மாவின் கலியாண வீடு. பின்னால் வாழைமரமும், யாரோ ஒருவரின் முதுகும், சோற்றுக் கிடாரத்தின் பாதியும் தெரியும். அப்பா பக்கத்தில் நிற்கும் யாரையோ பார்த்து வாய்விட்டுச் சிரிக்கிறார். அவருடைய கழுத்தடியில் தொங்கிக்கொண்டு, கமராவைப் பார்த்து முழிசிக்கொண்டிருக்கும் குழந்தை நான்.

அதற்கடுத்த வருடம் அப்பா இறந்துவிட்டார். அண்ணைக்கு அப்போது ஆறு வயது. அப்பாவின் குரல், சைக்கிள், கோபம் எல்லாம் அவருக்கு ஞாபகம் இருக்கிறது. எனக்கு ஒன்றுமே இல்லை. அந்தப் படத்துக்கு முன்னால் எனக்கு அப்பா கிடையாது, பின்னாலும் கிடையாது. அதனால்தான் இந்தக் கதையைச் சொல்லும்போது எனக்கு இன்னும் ஆத்திரம் வருகிறது.

எங்களிடமும் ஒருகாலத்தில் அல்பம் இருந்தது. சண்டை நெருங்கிய நாட்களில், எங்கள் வீடு ஓட்டு வீடு, ஷெல் விழுந்தால் தாங்காது என்று, அம்மா அந்த அல்பத்தையும் தன் கூறைச் சேலையையும் அரியாலையில் இருந்த பெரியம்மாவின் வீட்டில் கொண்டுபோய் வைத்தார். அது கொங்கிறீட் தட்டு வைத்த கல்வீடு. பெரிய இடப்பெயர்வு வந்தபோது யாழ்ப்பாணத்துச் சனம் முழுவதும் ஒரே றோட்டில் தென்மராட்சிக்கு நடந்தது. அம்மாவும் அப்பாவும் எங்களைத் தூக்கிக்கொண்டு, பெரியம்மா வீட்டு ஒழுங்கையைக் கடந்துதான் போனார்கள். ஆனால் சனத்துக்குள் திரும்புவதற்கு இடமிருக்கவில்லை. முன்னால் நின்றவரின் முதுகோடு ஒட்டிக்கொண்டே நடந்திருக்கிறார்கள். பிறகு திரும்பி வந்து பார்த்தபோது அந்தக் கல்வீடு இருந்த இடத்தில் அத்திவாரம்தான் இருந்ததாம். அப்பா திரும்பி வரவில்லை. தென்மராட்சியில் ஒரு பள்ளிக்கூட மண்டபத்தில் தங்கியிருந்தபோது காய்ச்சல் வந்து, மருந்து கிடைக்காமல் போய்விட்டார்.

இதிலிருந்து அம்மா ஒரு பாடம் படித்தார். முக்கியமான சாமான்களை இரண்டு இடத்தில் வைக்கக்கூடாது. எல்லாம் ஒரே இடத்தில், ஒரே இழுவையில் எடுக்கக்கூடியதாக இருக்கவேண்டும். வீட்டு உறுதிப் பத்திரம், பிறப்புச் சாட்சிப் பத்திரங்கள், வங்கிப் புத்தகங்கள், என்னுடைய தோடு, அப்பாவின் மரணச் சான்றிதழ் எல்லாம் ஒரு கறுப்பு றெக்சின் பைக்குள் இருந்தன. அறைக் கதவுக்குப் பின்னால் ஆணியில் அது தொங்கும். வேறு பைகளுக்குத்தான் எங்கள் வீட்டில் பெயர் வேண்டும். ‘பை’ என்றால் அதுதான். சண்டை முடிந்து இவ்வளவு காலமாகியும் அது ஆணியை விட்டு இறங்கவில்லை. வெளியூர் ஆட்களுக்கு இது சிரிப்பாக இருக்கலாம். எங்கள் ஒழுங்கையில் யாரும் சிரிக்கமாட்டார்கள்.

சின்னம்மா கலியாணம் முடித்துக் கனடாவுக்குப் போனபோது தன்னுடைய அல்பத்தையும் கொண்டுபோயிருந்தார். நான் வேலைக்குப் போகத் தொடங்கிய காலத்தில் ஒருநாள் அந்தப் படத்தை போனில் எடுத்து அனுப்பினார். அன்று அம்மா சமைக்கவில்லை. அதற்குப் பிறகு அண்ணையும் நானும் வெறி பிடித்தவர்கள் போலப் படங்களைச் சேர்க்கத் தொடங்கினோம். சுவிஸில் இருக்கும் மாமாவிடமிருந்து அம்மாவின் பள்ளிக்கூடப் படம் வந்தது. யார் யாரோ வீட்டுச் செத்தவீட்டுப் படத்தில் பின்வரிசையில் நிற்கும் பெரியம்மாவைக் கண்டுபிடித்தோம். எல்லாவற்றையும் கொம்பியூட்டரில் போட்டோம். பழுதாகிப் போனால் என்ன செய்வது என்று ஒரு வெளி ஹார்ட் டிஸ்க்கும் வாங்கி அதிலும் பிரதி எடுத்தோம்.

டிஸ்க்கை அலுமாரியில் தனியாக வைத்திருந்தேன். அம்மா விடவில்லை.

"தனிய வைச்சா அவசரத்துக்கு விடுபட்டுப் போகும். வயரோடை அதிலையே கொழுவி விடு. ரெண்டும் ஒண்டாக் கிடக்கட்டும்."

அப்படியே கொழுவி விட்டோம். மடிக்கணினியும் அதன் வாலில் தொங்கும் டிஸ்க்கும் சேர்ந்து பைக்குள் போகும், பைக்குள்ளிருந்து சேர்ந்து வெளியே வரும். படங்களை முகநூலில் போடவும் அம்மா விடவில்லை. வீட்டில் ஒரு படம் இருந்ததற்காகவே ஆமி வந்து இளம்பொடியளைப் பிடித்துக்கொண்டுபோன காலத்தைப் பார்த்தவர். படத்தை வெளியில் விடாதே என்றால், எங்கள் வீட்டில் அதற்கு மறுபேச்சு இல்லை.

அண்ணை பள்ளிக்கூடப் பிள்ளைகளை ஏற்றி இறக்கும் வான் ஓடுகிறார். வானை நிற்பாட்டிவிட்டால் அவருக்குச் சினிமாப் படம் பார்க்க வேண்டும். காசு கட்டிப் பார்க்கும் தளங்களுக்கு வங்கி அட்டை வேண்டும், அது வேண்டும், இது வேண்டும். அதனால் ஊரில் எல்லோரும் செய்வதையே அவரும் செய்தார். இந்தியாவில் வெள்ளிக்கிழமை வெளியாகும் படம் சனிக்கிழமை அம்மா சமைக்கும் எங்கள் குசினியின் மேசையில் ஓடும். நான் வேலை செய்யும் நல்லூர் ரியூசன் சென்டரில் பாடம் படிப்பிக்கும் வாத்திமார்கூட, இடைவேளையில் எந்தத் தளம் இப்போது வேலை செய்கிறது, எது பெயர் மாற்றிவிட்டது என்றுதான் கதைப்பார்கள்.

அந்தத் தளங்களைத் திறந்தால் திருவிழாக் கடைத்தெரு மாதிரி இருக்கும். பக்கம் முழுவதும் ‘டவுன்லோட்’ என்று பச்சையிலும் சிவப்பிலும் பொத்தான்கள் மின்னும். ஒன்றைத் தொட்டால் சூதாட்டம் வரும், இன்னொன்றைத் தொட்டால் உடுப்பில்லாத பெண் வருவாள், மூன்றாவது உங்கள் கொம்பியூட்டருக்கு வைரஸ் வருத்தம் என்று கத்தும். எது உண்மையான பொத்தான் என்று அண்ணைக்குத் தெரியும். அதில் அவருக்கு ஒரு பெருமை இருந்தது. "உதெல்லாம் புதுசா வாற ஆக்களுக்கு வைச்சிருக்கிற பொறி" என்பார். தான் பழைய ஆள் என்ற நினைப்பு.

அந்த ஞாயிற்றுக்கிழமை நான் கோயிலுக்குப் போயிருந்தேன். அண்ணை மத்தியானம் சாப்பிட்டுவிட்டு, அந்தக் கிழமை வெளியான ஒரு படத்தைத் தேடியிருக்கிறார். நல்ல படமாக இருந்திருந்தாலாவது ஒருமாதிரி மனம் ஆறியிருக்கும். யாரும் ஒரு மாதம் கழித்து ஞாபகம் வைத்திருக்காத அடிதடிப் படம். வழக்கமான தளம் வேலை செய்யவில்லை. வேறொரு தளத்தில் கிடைத்தது. இரண்டரை மணிநேரப் படம் ஒரு நிமிடத்தில் இறங்கி முடிந்துவிட்டது. அதிலேயே சந்தேகம் வந்திருக்க வேண்டும். சினிமாப் படம் என்றால் அவ்வளவு சின்னதாக இருக்காது. கோப்பின் பெயருக்குப் பின்னால் ஒட்டியிருக்கும் வாலை, புள்ளிக்குப் பிறகு வரும் எழுத்துகளைப் பார்த்திருந்தால், அது படமில்லை, திறந்தவுடன் தன் வேலையைத் தொடங்கும் ஒரு புரோகிராம் என்று தெரிந்திருக்கும். எங்கள் கொம்பியூட்டர் அந்த வாலைக் காட்டாது. அதைக் காட்டச் செய்யலாம் என்பதே எங்களுக்குப் பிறகுதான் தெரியும்.

வைரஸ் வராமல் காக்கும் வைரஸ் கார்ட் சிவப்பாக எச்சரித்திருக்கிறது. அந்தத் தளத்திலோ, வைரஸ் கார்ட் பிழையாகக் கத்தும், அதை நிற்பாட்டிவிட்டுத் திறக்கவும் என்று எழுதியிருந்தது. அண்ணை நிற்பாட்டினார். இதற்காக அவரை மட்டும் திட்டவும் முடியாது. அந்தக் கொம்பியூட்டரை வாங்கிய நாளிலேயே, கடைக்காரர் எங்களுக்கு முன்னால் வைரஸ் கார்டை நிற்பாட்டிவிட்டுத்தான் களவு விண்டோசைப் போட்டுத் தந்தார். "அப்டேட் கேட்டா மட்டும் குடுத்திடாதேங்கோ" என்று சொல்லியும் விட்டார். நாங்கள் வேதவாக்காக எடுத்துக்கொண்டோம். காவல்காரனை முதல் நாளே வீட்டுக்கு அனுப்பிவிட்ட வீடு எங்களுடையது.

அண்ணை திறந்தார். கறுப்பாக ஒரு பெட்டி வந்து மறைந்தது. படம் வரவில்லை. மீண்டும் திறந்தார். கொம்பியூட்டரின் விசிறி மூச்சிரைக்கத் தொடங்கியது. பெரிய படம்போல, நேரமெடுக்கும் என்று எழும்பித் தேத்தண்ணி குடிக்கப் போய்விட்டார். டிஸ்க் வாலில் கொழுவியபடி சின்ன வெளிச்சத்தை மினுக்கிக்கொண்டே இருந்திருக்கிறது. அந்த நேரத்தில் யாராவது அதைப் பிடுங்கியிருந்தால், கொம்பியூட்டரை அந்த நிமிடமே நிற்பாட்டியிருந்தால், பாதியாவது தப்பியிருக்கும்.

நான் கோயிலால் வந்தபோது அண்ணை கொம்பியூட்டருக்கு முன்னால் ஆடாமல் அசையாமல் இருந்தார். திரை முழுவதும் கறுப்பு. நடுவில் ஆங்கிலத்தில், உங்கள் கோப்புகள் எல்லாம் பூட்டப்பட்டுவிட்டன, திறப்புச் சாவி வேண்டுமென்றால் காசு என்று எழுதியிருந்தது. நான் படங்கள் இருந்த இடத்தைத் திறந்தேன். எல்லாம் இருந்தன. ஒன்றும் குறையவில்லை. ஒவ்வொன்றும் வெள்ளைத் தாளாக இருந்தது. பெயர்களுக்குப் பின்னால் அர்த்தமில்லாத எழுத்துகள். ‘அப்பா சிரிக்கிறார்’ என்று நான் பெயர் வைத்த படமும் வெள்ளைத் தாள்தான்.

"டிஸ்க்கில கிடக்குத்தானே அண்ணை?" என்று கேட்டேன். கேட்கும்போதே வயரைப் பார்த்துவிட்டேன்.

நான் அண்ணையை வாய்க்கு வந்தபடி ஏசினேன். அம்மா பக்கத்து வீட்டில் இருந்ததால் குரலை அடக்கி ஏசினேன். அது இன்னும் கேவலமாக இருந்தது.

ஸ்டேசனடியில் ஒரு கொம்பியூட்டர் திருத்தும் கடை இருக்கிறது. அங்கே கொண்டுபோனோம். கடைக்காரர் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினார்.

"காசு குடுத்தாலும் திறப்புத் தருவாங்கள் எண்டு ஒரு உத்தரவாதமும் இல்லை, தங்கச்சி. குடுக்காதேங்கோ. மிசினை அழிச்சுப் புதுசாப் போட்டுத் தாறன்."

"படங்கள்?"

"இப்ப ஒண்டும் செய்யேலாது. சில பூட்டுக்குக் கனகாலத்துக்குப் பிறகு, ஆரோ திறப்பைக் கண்டுபிடிச்சுச் சும்மா வெளியில விடுவினம். உதுக்கும் ஒருநாள் வரலாம், வராமலும் விடலாம். டிஸ்க்கை மட்டும் அழிக்காமல் வைச்சிருங்கோ."

வரலாம், வராமலும் விடலாம். வைத்திருங்கள். இப்படிப்பட்ட பதில்களோடு எங்கள் ஊரில் காணாமல்போன பிள்ளைகளின் தாய்மார் எத்தனை பேர் காலம் தள்ளுகிறார்கள் என்று அந்த மனிதருக்கும் தெரிந்திருக்கும். அவர் கெட்ட நோக்கத்தில் சொல்லவில்லை. டிஸ்க்கை ஒரு துணியில் சுற்றிக் கொண்டுவந்தேன்.

சின்னம்மாவுக்குப் போன் கோல் எடுத்தேன். அவருடைய வீட்டு நிலவறைக்குள் தண்ணீர் புகுந்து அல்பம் ஊறி ஒட்டிப்போய்விட்டது என்றார். போனும் இரண்டு தரம் மாற்றியாகிவிட்டது. "நீங்கள் வைச்சிருக்கிறியள்தானே எண்டு நான் கவலைப்படேல்லையடி" என்று அழுதார். எனக்கு அந்தப் படம் வந்து சேர்ந்த பழைய போன் எப்போதோ கிணற்றுக்குள் விழுந்துவிட்டது. அப்போது நானும் கவலைப்படவில்லை. ஸ்டூடியோவுக்குப் போனேன். முடிந்த வேலைகளைத் தாங்கள் வைத்திருப்பதில்லை என்றார்கள். போகும் இடமெல்லாம், உங்களிடம் இருக்கும் என்று நினைத்தோம் என்ற ஒரே பதில்.

அம்மாவிடம் சொல்லவில்லை. அப்பாவின் திவசம் வந்துகொண்டிருந்தது. ஒவ்வொரு வருடமும் படைத்து, காகத்துக்கு வைத்து, சாப்பிட்டு முடிந்ததும் அம்மா கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு அந்தப் படத்தைத் திறக்கச் சொல்லுவார். திரையில் முகத்தைப் பெரிதாக்கச் சொல்லிக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருப்பார். பிறகு, "என்னத்துக்கு உந்தச் சிரிப்புச் சிரிக்கிறாரோ தெரியாது" என்று ஒவ்வொரு வருடமும் அதே வசனத்தைச் சொல்லுவார். அவ்வளவுதான். அதற்குப் பிறகுதான் அவருக்குத் திவசம் முடியும்.

அன்று பயற்றங்காய்ப் பிரட்டலும் கத்தரிக்காய்க் குழம்பும் வடையும் பாயாசமும் சமைத்திருந்தார். இந்த முறை சாப்பாட்டுக்கு முன்னமே கேட்டுவிட்டார்.

"பையை எடு பிள்ளை. முதல்ல ஒருக்காப் பாப்பம்."

நான் இலைகளை அடுக்குவது போல நின்றேன். அண்ணை வாசலிலிருந்து உள்ளே வந்தார்.

"அம்மா, அந்தப் படம் போயிட்டுது. நான் ஒரு சினிமாப் படம் இறக்கினனான். அதோடை வைரஸ் வந்து எல்லாத்தையும் பூட்டிப்போட்டுது."

அம்மாவுக்கு முதலில் விளங்கவில்லை. அண்ணை மறுபடியும் சொன்னார். அம்மா கதவுக்குப் பின்னால் தொங்கிய பையைப் பார்த்தார்.

"பைக்குள்ளதானே கிடந்தது?"

"ஓம்."

"டிஸ்க்கும் வயரோடைதானே கிடந்தது?"

"ஓம் அம்மா."

"பிறகெப்பிடி?"

வயரோடு இருந்ததால்தான் போனது என்று அவருக்குச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. இன்றுவரை சொல்லவில்லை. அம்மா அழுவார் என்று நினைத்தேன். அழவில்லை.

"இலையைப் போடுங்கோ. சோறு ஆறுது" என்றார்.

அடுத்த நாள் ஆணி வெறுமையாக இருந்தது. பையைக் காணவில்லை. அம்மா அதைப் பிரித்துவிட்டார். உறுதி மெத்தைக்குக் கீழே, சாட்சிப் பத்திரங்கள் சாமி அறையில், தோடு எங்கேயோ ஒரு தகரப் பேணிக்குள். நான் ஏன் என்று கேட்டதற்கு, "இனி உது என்னத்துக்கு" என்றார். சில கிழமைகளில் எதை எங்கே வைத்தார் என்பது அவருக்கே மறந்துபோனது. திடீரென்று எழும்பி அலுமாரியைக் கிளறுவார். சண்டைக் காலத்தைத் தாங்கிய மனுசியை ஒரு அடிதடிப் படம் இப்படி ஆக்கிவிட்டது.

அந்தப் படம் பொங்கலுக்குத் தொலைக்காட்சியில் வந்தது. எங்கள் வீட்டுக் குசினியில், காசில்லாமல், ஒரு பொத்தானும் அமத்தாமல் ஓடியது. அண்ணை எழும்பி வானைக் கழுவப் போய்விட்டார். இப்போது அவர் போனில்கூட ஒன்றையும் இறக்குவதில்லை. தியேட்டருக்குப் போகச் சொன்னாலும் போவதில்லை. நான் அவரோடு சமாதானமாகிவிட்டேன். ஆனால் அவர் என் முகத்தைப் பார்த்துக் கதைப்பது குறைந்துவிட்டது.

நான் கொம்பியூட்டரைச் சீராக்கி, முறையான விண்டோஸ் போட்டு, அப்டேட் கேட்டபோதெல்லாம் கொடுக்கிறேன். இப்போது கோப்புகள் எல்லாவற்றின் வாலும் தெரிகிறது. கேட்டுப் பெறக்கூடிய படங்களை மாமாவிடமும் மற்றவர்களிடமும் மீண்டும் வாங்கினேன். இரண்டு டிஸ்க்கில் பிரதி எடுத்தேன். ஒன்று வீட்டில், எதோடும் கொழுவாமல் தனியாக. மற்றது என்னோடு வேலை செய்யும் ஒரு அக்காவின் வீட்டில். அதை அம்மாவிடம் சொன்னபோது, அந்த அக்கா எந்த இடம் என்று கேட்டார்.

"அரியாலை" என்றேன்.

"அரியாலையிலேயோ?" என்றார். அந்தப் பழைய அல்பம் போன ஊரும் அதுதான். அன்று முழுவதும் என்னோடு கதைக்கவில்லை.

எல்லாப் பிரதியிலும் அப்பா மட்டும் இல்லை. அதனால் போன மாதம் சுவரிலிருந்த கோட்டுக்கார அப்பாவை இறக்கினேன். இதையாவது படமெடுத்து வைப்போம் என்று சட்டத்தைக் கழற்றி, முற்றத்து வெய்யிலில் கதிரையில் சாத்தி வைத்துப் போனில் எடுத்தேன். தெளிவாக இருக்கிறதா என்று பார்க்க விரல்களால் பெரிதாக்கினேன். கோட்டு, டை, நாடி, கொலர். அம்மா சொல்லும் அந்தக் கறை.

அது கறையில்லை. மூன்று சின்ன விரல்நுனிகள் கொலரைப் பிடித்துக்கொண்டிருந்தன. ஒன்றில் நகம்கூடத் தெரிந்தது. ஸ்டூடியோக்காரர் என்னை அப்பாவின் கழுத்திலிருந்து வெட்டியெடுத்தபோது, இவ்வளவும் வெட்டுப்படாமல் விடுபட்டுப் போயிருக்கிறது.

அம்மாவைக் கூப்பிட்டுக் காட்டினேன். கண்ணாடியை எடுத்துவந்து போட்டுக்கொண்டு, போனைத் தள்ளியும் கிட்டவும் பிடித்துப் பார்த்தார்.

"உதையோ நான் அழிக்கச் சொல்லிச் சொல்லி நிண்டனான்?" என்றார். பிறகு, "நல்ல காலம், நீ சோம்பேறிப் பஞ்சியில ஸ்டூடியோவுக்குப் போகேல்லை."

சட்டத்தை மறுபடி பூட்டிச் சுவரில் கொழுவினோம். அம்மா சேலைத் தலைப்பால் படக் கண்ணாடியில் கொலர் இருந்த இடத்தை மட்டும் துடைத்துக்கொண்டு நின்றார். அப்பாவோடு நான் இருந்ததற்கு இப்போது மிச்சம் இருப்பது அவ்வளவுதான்.